அட்வான்டேஜ், தேவசகாயம்

கப்பன் பூங்கா, ஐந்தாம் எண் கோர்ட்.
என் பெயர் இங்கே ஓர் எழுத்து, ஒரு புள்ளி.
உயர நாற்காலியிலிருந்து ஹூப்ளிக்காரர்
கூப்பிடுவதெல்லாம் அப்பாவை.
"கேம், தேவசகாயம்."

பாஸ்போர்ட் இல்லாத மனிதர்.
ஓசூரைத் தாண்டினாலே தலை சுற்றும் என்பார்.
மொனாஸ்டிரில், அன்டால்யாவில், லாகோஸ் புழுக்கத்தில்
அவரை எத்தனையோ வாய்கள் உடைத்திருக்கின்றன:
தெவசாகை, டேவாசா,
ஒருமுறை வெறும் சகாயம்.
மொனாஸ்டிரில் நான் மட்டையைத் தரையில் அடித்தபோது
எச்சரிக்கப்பட்டதும் அவர்தான்.
முப்பத்தொரு வருடம் எச்.ஏ.எல். கேன்டீன் ஸ்டோரில்
ஒரு டம்ளர் உடைத்ததாகப் பதிவில்லாத ஆள்.

அறுநூற்றுப் பன்னிரண்டாம் இடம்.
அதுவும் ஞாயிறுவரைதான்.
போன வருடம் இதே வாரம் இங்கே இறுதிச்சுற்று ஆடினேன்.
புள்ளிக்கு ஆயுசு ஒரு வருடம்.
திங்கள் காலை, நான் தூங்கும்போதே,
வந்து எண்ணி எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள்,
கல்யாணத்துக்கு மறுநாள்
வாடகை நாற்காலிகளைப் போல.
இந்த வாரம் ஜெயிப்பது ஏறுவதற்கு இல்லை,
சறுக்கலைக் கொஞ்சம் குறைத்துக்கொள்ள.
அம்மாவுக்கு விளக்கப் பார்த்தேன்.
"அப்போ ஜெயிச்சாலும் கீழதானா?"
வெண்டைக்காயும் கத்தியும் அப்படியே நின்றன.

பந்து பொறுக்கப் பையன்கள் கிடையாது.
வேலியோரம் உதிர்ந்த இளஞ்சிவப்புப் பூக்களுக்குள்
உருண்டுபோனதை நானே எடுத்துவந்தேன்.
எதிரில் அல்மாட்டிப் பெண், பதினேழு வயது,
மட்டை நரம்புகளை விரலால் நேராக்கியபடி காத்திருந்தாள்.
நேற்றிரவு அதைக் கட்டிக்கொடுத்தது நான்,
அறுநூறு ரூபாய்க்கு, ஐம்பது பவுண்டு இழுவையில்.
அவள் ஃபோர்ஹேண்ட் கோட்டைத் தொட்டபோதெல்லாம்
எரிச்சலோடு
கொஞ்சம் பெருமையும்.

மூன்றாம் செட். டியூஸ். மறுபடி டியூஸ்.
முழங்கால் நாடா வியர்வையில் கழன்று தொங்கியது.
பூங்காவின் குட்டி ரயில் ஊதியது.
"அட்வான்டேஜ், தேவசகாயம்."
முழுசாக, ஓர் எழுத்தும் பிசகாமல்.
தெய்வத்தின் ஒத்தாசை என்று அர்த்தம்.
என் பேக்ஹேண்ட் வலையின் விளிம்பில் உட்கார்ந்து
யோசித்து
அந்தப் பக்கம் விழுந்தது.
வழக்கப்படி கைதூக்கி மன்னிப்புக் கேட்டேன்.
வருத்தம் ஒன்றும் இல்லை.

வரி பிடித்தது போகக் கையில் நிற்பது
அடுத்த வாரம் டெல்லிக்கு ஒருவழி டிக்கெட்.
திரும்பிவர
அங்கே யாரையாவது தோற்கடிக்க வேண்டும்.

மர்ஃபி டவுனில் அப்பா
போனில் மாறும் எண்களையே பார்த்திருந்திருக்கிறார்.
படமில்லை, சத்தமில்லை.
அவர் பெயர், பக்கத்தில் ஒரு மஞ்சள் பொட்டு,
சர்வீஸ் யாருடையது என்று காட்ட.
மூன்று மணி நேரம். டீயில் ஆடை கட்டியிருந்தது.
நான் ஷூவைக் கழற்றும்போது கேட்டார்:
"நாளைக்கு எனக்கு எத்தனை மணிக்கு?"

"பதினொன்றுக்கு முன்னாடி இல்லை. ஏழாம் கோர்ட்.
வெயில் நேரே கண்ணில் அடிக்கும்,
தொப்பி எடுத்துக்குங்க."