பீப்பாய்

பதினொரு நாடகத்திலும் எனக்கு ஒரே வேலை:
வட்டிக்காரனைக் கண்டதும்
தண்ணீர்ப் பீப்பாய்க்குள் குதிப்பது.
சௌரஸ்தா மார்க்கெட்டில் மீன் வாங்கப் போனாலும்
"பீப்பாய் வந்துட்டான்" என்பார்கள்.

சனிக்கிழமைகளில் பினாங்கு சிட்டி ஸ்டேடியத்து மைக்.
ஆட்டக்காரர் மாற்றம், வழியை மறிக்கும் கார் நம்பர்,
மழை வந்தால் கூரைப் பக்கம் ஒதுங்கச் சொல்வது.
மலாயில் சொன்னாலும் சிரிப்பார்கள்,
தமிழில் சொன்னால் இன்னும் கொஞ்சம்.

அன்று இரண்டாம் பாதியில்
ஒரு பிள்ளையைக் கொண்டுவந்து விட்டார்கள்.
நீலச் சட்டை, ஒற்றைச் செருப்பு,
பெயர் யுகேந்திரன்.
சொன்னேன்.
அரங்கமே சிரித்தது.
குரலைத் தாழ்த்தி மறுபடி சொன்னேன்.
அதற்கும்.

மூன்றாம் முறை
எதிர்ப்பக்கம் சிரித்துக்கொண்டிருந்த ஒருவர்
பக்கத்து இருக்கையைத் திரும்பிப் பார்த்தார்.

பையன் அழவில்லை.
என் நாற்காலிக்கு அடியில் குனிந்து
பீப்பாயைத் தேடிக்கொண்டிருந்தான்.