ஆறாவது சுருள்

பெட்டி துறைமுகத்தில் நனைந்துவிட்டது.
கெய்ரோ ரசீதில் எட்டுச் சுருள்,
ஓடக்கூடியவை ஏழு.

ஐந்தின் வாலில் ஏழின் தலையை
ஒட்டினார் பிலிப்புப்பிள்ளை,
பசை காயுமட்டும் வாயால் ஊதி.
அப்படித்தான் மருதானையில்
ஃபிக்ரி ஷம்மா சாகாமல் போனான்.

ஒரு கதவைத் திறப்பான்,
வில்லன், கையில் விளக்கு,
உள்ளே போவான்.
உடனே கல்யாண வீடு.
"அவன் எங்கேடா?" என்று கலரி கத்தும்.
"அடுத்த படத்துல வருவான்"
என்பார் தவ்பீக் ஹாஜியார், கல்லாவிலிருந்தே.

கதாநாயகன் வாயசைத்த நாலு பாட்டுக்கும்
மெட்டுப் போட்டவன் அவன்தான்.
எங்களுக்குத் தெரியாது.
ஓதப் போன பையன்கள் எழுத்துக்கூட்டுவார்கள்;
பெயர் பாதியிலேயே மறைந்துவிடும்.

நிலக்கரி ஏற்ற நின்ற கப்பலிலிருந்து
ஒரு வியாழன் இறங்கி வந்தான்.
துருக்கித் தொப்பி ஹாஜியார் தலையில்,
இவன் வெறும் வழுக்கை.
எங்கள் பெயின்டர் தன் முகத்துக்குப் போட்ட
நீல மீசையைத் தொட்டுப் பார்த்தான்.
காசு கொடுத்தே டிக்கெட் வாங்கினான்.

ஏழாவதைச் சுமந்து படியில் நின்றேன்.
கதவு. விளக்கு. கல்யாண வீடு.
எழுந்துவிட்டான்,
மிச்சக் காசு வாங்க மறந்தவன் போல.

வெளியே பிளேன்டீக் கடையில்
ஆட்கள் கண்டுபிடித்துவிட்டார்கள்.
"தப்பிட்டியே மச்சான்!"
டிராம் கண்டக்டர் முதுகில் அறைந்தான்.
உவைஸ் நானா காசு வாங்கவில்லை:
"பொலிஸ் வந்தா நாங்க காணல்ல."

அவன் சொன்ன ஆங்கிலத்தில்
எனக்குப் பாதி விளங்கியது.
பதினொரு படம், பதினொரு சாவு.
விஷம், குதிரை, நைல், இரண்டு முறை கூரை.
ஒவ்வொரு சாவுக்கும் வயலினை
முதல்நாள் ராத்திரி தானே எழுதவேண்டும்.
மற்றதெல்லாம் கூலிக்கு.
ஆறாவதில் இருந்தது மட்டும்...
கையை விரித்தான்.

பிறகு கரண்டியை எடுத்தான்.
கிளாசில் தட்டித் தட்டி
அந்தச் சுருள் முழுவதையும் பாடினான்.
பொரளை டிராம் குறுக்கே மணியடித்தது,
அதற்கும் ஒரு தட்டு விட்டுக்கொடுத்தான்.
கொதிக்கிற கேத்தலை
யாரும் இறக்கவில்லை.

கடைசியில் கரண்டி கிளாசைத் தொடாமல்
காற்றில் நின்றது.
"மௌத்தாயிட்டானா?"
உவைஸ் நானா என்னைக் கேட்டார்.
தலையாட்டினேன்.

கப்பல் விடியமுன் போய்விட்டது.
வெள்ளிக்கிழமை இரண்டாம் காட்சி.
கதவு. விளக்கு. கல்யாண வீடு.
கலரி கத்தியது,
பிளேன்டீக் கடை ஆட்கள் இருந்த
மூன்றாம் வாங்கைத் தவிர.