ஆறாவது புட்டி

திங்கள் மாலை எட்டேகாலுக்கு
இம்மெண்டிங்கனிலிருந்து கெபார்ட் கூப்பிட்டான்:
"ஊற்றியாச்சு."
பின்னால் கூழாங்கல் மிதிபடும் சத்தம்.
ஆற்றின் நடுவில் நிற்கிறானாம்,
பூட்ஸ் நனையாமல்.

ஆகஸ்டில் டான்யூப் அங்கே அப்படித்தான்.
பாலம் இருக்கிறது, கரை இருக்கிறது,
பெயர்ப்பலகை இருக்கிறது.
தண்ணீர் மட்டும்
ஒரு பாறை விளிம்பில் லேசாய் உறிஞ்சியபடி
சுண்ணாம்புக்குள் இறங்கிவிடுகிறது,
பேச்சின் நடுவே எழுந்து
உள்ளே போனவரைப் போல.

கருங்கடலுக்கென்று கிளம்பிய நீர்
மலைக்கடியில் தடம் மாறி
பன்னிரண்டு கிலோமீட்டர் தள்ளி ஆஹ் ஊரில் எழுகிறது.
பிறகு ஏரி, ரைன், வடகடல்.
எழுவது இதே நீர்தான் என்பது
ஊரறிந்த கதை.
எப்போது, எவ்வளவு என்பதற்குத்தான்
எனக்குச் சம்பளம்.

புதன் இரவு எட்டு மணிக்கு முதல் புட்டி.
இரண்டு மணிக்கு ஒருதரம் ஒன்று.
பழுப்புக் கண்ணாடி; வெளிச்சம் பட்டால்
சாயம் செத்துப்போகும்.
ஊற்றுக் குளம் இருட்டில்
அடியிலிருந்து மெல்லப் புரண்டுகொண்டிருந்தது,
தூக்கம் வராதவர் போர்வைக்குள் புரள்வதுபோல.

எங்கள் பழம்பாட்டில்
பரிசில் வாங்கித் திரும்பும் பாணன்
எதிரே பசியோடு வருகிற பாணனை நிறுத்தி
வழி சொல்வான்:
இந்தக் குன்றைச் சுற்றாதே, அந்தத் துறையில் இறங்கு,
அங்கே மீன் சுட்டுத் தருவார்கள்.
மலைக்குள் போன நீர் எதுவும்
திரும்பி வந்து
அடுத்த நீருக்கு அப்படிச் சொன்னதில்லை.
ஒவ்வொரு துளியும் புதிதாகத்தான் இடறி விழுகிறது.

இரண்டு மணிக்கு டார்ச் வெளிச்சம்.
நோட்பூர்கா. கீழே டிரவுட் பண்ணை வைத்திருப்பவள்.
ஃபிளாஸ்க்கில் காப்பி, முகத்தில் வழக்கு.
"என் மீனெல்லாம் பச்சையாகிவிடுமா?"
ஆகாது என்றேன். கண்ணுக்கே தெரியாது,
கருவிக்கு மட்டும்தான்.
ஆறுதல் சொல்வதாக நினைத்தேன்.
அவள் முகம் விழுந்துவிட்டது.
ஊரெல்லாம் சொல்லி வைத்திருந்தாளாம்,
கேமராவுக்கு சார்ஜ் போட்டாளாம்.

"டுட்லிங்கன்காரர்கள்
எங்கள் தண்ணீரைத் திருடுகிறீர்கள் என்கிறார்கள்"
என்றாள், கல்லில் உட்கார்ந்து.
"நானா கூப்பிட்டேன்?
என் முன்னாள் கணவர் அந்த ஊர்தான்.
அவரையும் நான் கூப்பிடவில்லை."
சிரித்தாள். மூடியில் ஊற்றிய காப்பி
உதட்டைச் சுட்டது. கீழே வைத்தேன்.
ஆறட்டும்.

நான்கு மணிப் புட்டியிலும் ஒன்றுமில்லை.
அவள் கல்லிலேயே தூங்கிப்போனாள்,
டார்ச்சை அணைக்காமல்.

ஆறு மணி. விரல்கள் மரத்திருந்தன.
லேபிளில் 6 என்று போடவேண்டியவள்
அரைத்தூக்கத்தில் தமிழில் எழுதிவிட்டேன்:
ஆறு.
அழிக்க மனமில்லை.
எண் அது. வழியும் அது.
காலடியில் புரள்வதும், மூடியில் தணிந்ததும்
அதே இரண்டு எழுத்து.

கருவியின் திரையில்
இரவெல்லாம் சோம்பிக் கிடந்த எண்
ஏறத் தொடங்கியது.
இருட்டில் இரண்டரை நாள்,
யாரும் வழி சொல்லாமல்,
வந்துவிட்டது.

நோட்பூர்காவை எழுப்பினேன்.
குளத்தோரம் மண்டியிட்டு நெடுநேரம் பார்த்தாள்.
"பச்சை" என்றாள்.
அது கரைமரத்தின் நிழல் என்றேன்.
தொண்ணூறு கோடியில் ஒரு பங்கு என்றேன்.
"இருக்கட்டும். பச்சைதான்."
கேமராவை எடுக்க ஓடினாள்,
ஒரு செருப்பை விட்டுவிட்டு.

வெள்ளிக்கிழமை கெபார்ட் புட்டிகளை அடுக்கும்போது
ஒன்றை வெளிச்சத்துக்குத் தூக்கிக் கேட்டான்:
"இது என்ன படம்?"
எண் என்றேன்.
பதிவேட்டில், ஐந்துக்கும் ஏழுக்கும் நடுவே,
நாக்கைக் கடித்துக்கொண்டு
அதை அப்படியே வரைந்தான்.
று மட்டும் கொஞ்சம் கோணல்,
கீழே வளைந்து
கட்டத்தைத் தாண்டிப் போயிருந்தது.