போச்கா

எங்கள் தெருவில் எனக்குப் பெயர் ரஷ்யா டாக்டர்.
ரஷ்யாவை நான் பார்த்ததில்லை. டாக்டரும் இல்லை.
அந்தப் பரீட்சையை மூன்று முறை எழுதியாயிற்று,
கடைசி முறை நாலு மார்க்கில் போனது.
ராயபுரத்தில் ஒரு மருந்துக்கடையில் பில் போடுகிறேன்.

விசைப்படகில் இருந்த பங்கை விற்று
அப்பா என்னை அனுப்பியது ஓஷ் நகரத்துக்கு.
கிர்கிஸ்தான் என்றால்
"அது எங்க கீது?" என்பார்கள்.
அலுத்துப்போய் ஒருநாள், "ரஷ்யா பக்கம்" என்றேன்.
ஒட்டிக்கொண்டது.

ராத்திரி பதினொன்றரைக்கு
ஸ்டான்லியிலிருந்து தனகோடி அக்கா போன்:
"ஏ ஜெனிட்டா, உங்க ரஷ்யாக்காரன் ஒருத்தன்
இடுப்பப் புடிச்சிகினு உருள்றான்.
இன்னா கேட்டாலும் வாயத் தொறக்க மாட்றான். ஓடியா."

எண்ணூரில் நிலக்கரி இறக்க வந்த கப்பல்.
ஏஜென்ட் பையன் போனை நீட்டுகிறான்,
அதிலிருந்து ஒரு பெண்குரல் ரஷ்யனில் கொஞ்சுகிறது.
கட்டிலில் கிடந்தவன்
சுவர்ப்பக்கம் திரும்பிக்கொண்டான்.

க்தியே பலீத்? என்றேன்.
எங்கே வலிக்கிறது?

என்னுடையது குல்நோரா வீட்டு ரஷ்யன்.
வாடகைக்காரியான என்னை அவள் திட்டுவது உஸ்பெக்கில்,
வாடகையை எண்ணுவது ரஷ்யனில்.
கறிக்கடைக்காரர் கிர்கிஸ், மருந்துக்கடைக் கிழவர் கொரியன்,
எலும்புகளின் பெயர் சொல்லித்தந்தவர் தாத்தார்.
வீட்டுக்குள் அவரவர் மொழி.
தெருவில் இறங்கும்போது
செருப்பு மாதிரி இதை மாட்டிக்கொள்வார்கள்.
வேற்றுமை ஆறுதான், நமக்கு எட்டு, பயமில்லை.
அதிலும் சந்தையில்
உருபைப் பற்றி யார் கேட்கிறார்கள்?

அவன் மெல்லத் திரும்பினான்.
"இந்த மாதிரி ரஷ்யனை எங்கே கற்றாய்?"
ஓஷ் சந்தையில், என்றேன்.
சிரிக்கப் பார்த்து, சுருண்டான்.

வலி மூச்சுவிட இடம் கொடுத்தபோதெல்லாம் சொன்னான்.
ஊர் கெர்சன்.
கப்பலில் சமையல்காரன் பதூமிக்காரன்,
எஞ்சினில் ஒருவன் ரிகா, இன்னொருவன் பாக்கு,
எல்லோர் நடுவிலும்
சாப்பாட்டு மேசை உப்பைப்போல இதுதான்.
அம்மா என்னைத் திட்டியதும் இதில்.
வீட்டின்மேல் குண்டு விழுந்த அன்று நிறுத்தினேன்.
பதினாறு மாதம்.
ரொட்டி கேட்கக்கூடக் கையைத்தான் காட்டினேன்.

நான் ஒன்றும் சொல்லவில்லை. என்ன சொல்ல?
இடது விலாவுக்குக் கீழே விரலை வைத்தேன்.
போச்கா, என்றேன். அங்கே கல்.

போச்கா: சிறுநீரகம்.
மரத்தில் விடும் மொட்டுக்கும் அதே சொல்.
மார்ச் மாதம் பாதாமிக் கிளையை வளைத்து
"பார், எத்தனை போச்கா" என்று குல்நோரா காட்டியபோது
பிணவறை மேசையை நினைத்து நான் சிரித்தது,
அவளுக்குக் கோபம்.

"எங்கள் பேரி மரம் நிற்கிறதா, தெரியாது" என்றான் அவன்.
"நின்றால், விட்டிருக்கும் இப்போது."

டியூட்டி டாக்டருக்கு என் வயசுதான்.
"அலர்ஜி இருக்கான்னு கேளுங்க மேடம்."
கேட்டேன்.
காய்ச்சல் உண்டா, ரத்தம் போனதா, எத்தனை நாளாக?
தடங்காமல் வந்தது எல்லாம்.
அவர் எழுதிக்கொண்டார், நான் கைகட்டி நின்றேன்.

ஊசி வேலைசெய்ய ஆரம்பித்தது.
கண் சொருகும் முன்
என் கையைப் பிடித்து ஒரு சொல் சொன்னான்.
ஜாகுயு, அந்த மாதிரி ஏதோ.

"இன்னா சொல்றான்?"
"தெரியலக்கா. அது ரஷ்யன் இல்ல."
"பின்ன?"

வெளியே ஐஸ் வண்டி ஒன்று
தண்ணீர் ஒழுக வடக்கே போனது.
காசிமேட்டில் ஏலம் தொடங்கியிருக்கும்.
அப்பா இந்நேரம் கூடை எண்ணிக்கொண்டிருப்பார்,
அடுத்தவர் படகுக்கு.