வாயசைப்பு

திபிலிசியில் அவன் முகம் ஒட்டாத சுவரில்லை.
ஜும்பர் கல்தானி: குதிரைமேல், கப்பல்தளத்தில்,
தூக்குமேடைக்கு மூன்று படி கீழே.
நான் ஒலிப்பதிவுக் கூடத்தில் நாடா வெட்டுகிறவன்.
எனக்குத் தெரிந்தது வேறு.
முப்பத்தொரு படத்திலும்
அவன் ஒரு சொல் பேசியதில்லை.

மலைக்காரன். ஸ்வானேத்தியின் பனி
நாக்கில் உறைந்தபடி வந்து சேர்ந்தான்.
முதல் நாள் கதாநாயகியிடம் காதல் சொன்னான்;
ஆட்டைப் பட்டியில் அடைக்கிற அதட்டல் அது.
இயக்குநர் சிரிக்கவில்லை.
"முகம் போதும்" என்றார்.

குரலுக்கு வந்தவர் இப்போலித்தே.
குள்ளம், வழுக்கை, கழுத்தில் எப்போதும் கம்பளித் துண்டு.
மைக் எட்டாமல் ஆப்பிள் பெட்டிமேல் நிற்பார்.
நின்ற இடத்திலேயே அரசர் ஆனார், கொள்ளைக்காரர் ஆனார்,
பெண்கள் கடிதம் எழுதும் ஒருவர் ஆனார்.
பிறகு பெட்டியிலிருந்து இறங்கி
எட்டாம் எண் டிராமில் வீட்டுக்குப் போனார்.

ஒரு சொல்லை ஓர் உதட்டில் உட்காரவைக்க
நொடியை இருபத்துநாலாய் நறுக்கித் தேடுவேன்.
அவன் எங்கே மூச்சு வாங்குவான் என்று இவருக்கு அத்துபடி.
இருவரும் கைகுலுக்கியது இரண்டே முறை.

ஜும்பர் கடையில் ரொட்டியை விரலால் காட்டுவான்.
வாய் திறந்தால் எதிராளி முகத்தில்
எது இறங்கும் என்று பார்த்துப் பழகியிருந்தான்.

எண்பத்தாறு பிப்ரவரி. நெஞ்சுச் சளி.
இப்போலித்தேக்குச் செய்தித்தாளில் நாலு வரி, அதிலும் பெயர் பிழை.
அடுத்த படத்தில் வசனத்தையெல்லாம் அடித்துவிட்டு
ஜும்பரை ஊமை மாவுமில்காரன் ஆக்கினார்கள்.
விருது வந்தது.
கண்களாலேயே பேசுகிறார் என்று எழுதினார்கள்.

அந்த ஞாயிறு நான் அவன் வீட்டில்
ரேடியோவைப் பிரித்துப் போட்டிருந்தேன்.
கதவைத் தட்டியது மக்வாலா, இப்போலித்தேயின் மனைவி.
"உங்கள் படம் போடும் இரவுகளில்
பெட்டிக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து கேட்பேன்.
அந்த வாயை ஒருதரம் நேரில் பார்க்கலாமென்று..."

அவன் பேசினான்.
நாற்காலி போடச் சொன்னான், ஆப்பிள் பெட்டி பற்றிச் சொன்னான்,
சாவுக்கு வராமல் போனதைச் சொன்னான்,
எல்லாம் அந்த ஆட்டுப்பட்டிக் குரலில்.
அவள் உதட்டை விட்டுக் கண்ணெடுக்கவில்லை.

"சரிதான்" என்றாள் கடைசியில்.
"'ம' வரும்போது உங்கள் வாய் முழுக்க மூடுவதில்லை.
இருபது வருஷம் இதைத் திட்டிவிட்டுத்தான்
அவர் சாப்பிட உட்காருவார்."

ஜும்பர் உதடுகளைச் சேர்த்தான்.
ம் என்றான்.
அவள் தலையை ஆட்டினாள், இல்லை என்று.
இன்னும் இறுக்கி, மறுபடி,
ம்.