ஜில்லென்று எதையாவது

டிஸ்சார்ஜ் சீட்டின் கடைசி வரியில்
‘குளிர்ந்தது, மென்மையானது, ஒரு வாரம்’ என்று இருந்தது.
எங்கள் வீட்டில் பதினோரு வருடமாகச் சட்டம் வேறு:
ஐஸ் தின்றால் சளி, சளி பிடித்தால் காய்ச்சல்,
காய்ச்சல் வந்தால் மறுபடி அதே ஓ.பி. வரிசை.
தொண்டைச் சதையை எடுத்தவர்கள்
சட்டத்தையும் சேர்த்து எடுத்துவிட்டார்கள்.

ஜெமிமா பேசக்கூடாது.
கணக்கு ரஃப் நோட்டில் எழுதிக் காட்டினாள்: பிங்சு.
இன்னாது அது, என்றேன்.
ஒரு கிண்ணம் வரைந்தாள். கிண்ணத்தின் மேல் ஒரு மலை.
மலைமேல் கறுப்பாகப் புள்ளிகள்.
எனக்கு அது நம்ம சத்துவாச்சாரி மலை,
ஆடு மேய்கிற நேரத்து மலை.
தலையிலடித்துக்கொண்டு அடியில் எழுதினாள்:
கொரியா. புள்ளி எல்லாம் பயறு. பாலைத்தான் பனியாக்கணும்.

நான் ஜன்னல் கிரில் அடிக்கிறவன்.
இரும்பைத் தண்ணியாக்கத் தெரியும்.
தண்ணியை இரும்பாக்குவது
அந்தக் குட்டி ஃப்ரீசரின் வேலை.
அதன் கதவைத் திறந்தால் உள்ளே முழுக்க ஐஸ்,
ஐஸுக்குள் புதைந்து கிடக்கிறது
போன கிறிஸ்துமஸுக்கு வாங்கிய பட்டாணிப் பொட்டலம்.
தோசைத் திருப்பியால் வெட்டி மீட்டேன்.

ரெண்டு பாக்கெட் பால், காய்ச்சி ஆறவைத்து,
மில்க்மெய்டு அரை டின் கலக்கி,
அகலத் தட்டில் ஒரு விரல் உயரம்.
அவள் கேட்ட பயறு நம்மூரில் யார் விற்கிறார்கள்?
சிவப்புக் காராமணி, குக்கரில் ஏழு விசில்,
அணைக்கட்டு வெல்லம், ரெண்டு கல் உப்பு.
கரண்டி முதுகால் மசித்தேன், அவள் தொண்டையை நினைத்து
தோல் ஒன்றுகூட முழுசாக இல்லாமல்.

மூணு இருபதுக்குக் கரண்ட் போனது.
வெளியே நாற்பத்து மூணு டிகிரி.
தட்டில் பால் ஓரத்தில் மட்டும் கெட்டி,
நடுவில் கண் மாதிரி அசைகிறது.
மாடி வீட்டில் ஃபேன் ஓடும் சத்தம் கேட்டது.
அவங்களுக்கு வேற பேஸ்.
தட்டை ஏந்திக்கொண்டு படியேறினேன்,
ஒவ்வொரு படிக்கும் பால் ஒருபக்கமாகச் சாய,
நானும் மறுபக்கமாகச் சாய்ந்து.
நஸ்ரீன் எதுவும் கேட்கவில்லை.
கறிப் பொட்டலங்களை ஒதுக்கி இடம் விட்டாள்.
இறங்கி வரும்போதுதான் கேட்டாள்:
“மூடி வெச்சீங்களாண்ணே? கறி வாசம் ஏறிடும்.”
திரும்பவும் ஏறினேன்.

ஏழு மணிக்கு, முள்கரண்டியால் சுரண்டினேன்.
முதலில் சீவல் சீவலாக,
கை பழகிய பிறகு தூளாக.
வெல்டிங்கில் பறப்பதும் இப்படித்தான் பறக்கும்.
இது மணிக்கட்டில் விழுந்து
சுடாமல், தழும்பு வைக்காமல்,
ஈரமாகி ஒழிந்தது.
ஒரு நிமிஷம் சும்மாவே சுரண்டிக்கொண்டிருந்தேன்.

மேலே காராமணி. அதன்மேல்
வேகவைத்த பிடிகொழுக்கட்டை, சுண்டைக்காய் அளவில்.
பொட்டுக்கடலைப் பொடி என் கிண்ணத்துக்கு மட்டும்;
அவள் தொண்டையில் உறுத்தும்.

ஒரு ஸ்பூன் வைத்தாள். கண்ணை மூடினாள்.
விழுங்கும்போது கழுத்து நரம்பு இழுத்தது, என் கழுத்திலும்.
நோட்டை எடுத்தாள்:
இது பிங்சு இல்ல.
சரி, என்றேன். சரி.
பக்கத்தைத் திருப்பினாள்:
வேற பேர் வெச்சிக்கலாம். இன்னும் கொஞ்சம்.

ஒன்பதரைக்கு தெபோராள் டூட்டி முடிந்து வந்தாள்.
அவளுக்கென்று வைத்த கிண்ணத்தில்
பனி எப்போதோ பாலாகியிருந்தது.
செருப்பைக்கூடக் கழற்றாமல்
நின்றபடியே ஒரே மூச்சாகக் குடித்தாள்.
“பாயசமா? நல்லாத்தான் கீது.
ஏன் சூடு பண்ணல?”

ஜெமிமா இரண்டு கையாலும் கழுத்தைப் பிடித்துக்கொண்டு
சத்தமில்லாமல் குலுங்கினாள்.
சிரிக்காதடி, தையல் பிரியும், என்று
சிரிப்பு வந்துவிடாமல் இருக்கத் தரையைப் பார்த்தேன்.
ஃப்ரிட்ஜுக்கு அடியிலிருந்து
தண்ணீர் நடந்து வந்துகொண்டிருந்தது.
பட்டாணியை வெளியிலேயே மறந்திருந்தேன்.
நாளைக்குக் குருமா.