இருபத்தெட்டு நாள்

ஃபினோலா கீவனி
விரிகுடாவின் வடக்கு ஓரத்தில் சிப்பி வளர்க்க
உரிமம் கேட்டு எழுதினாள்.
வேண்டாம் என்று நான் எழுதினேன்.
ஒன்பது வருடம் ஆயிற்று.

என் காரணங்கள் நியாயமானவை:
என் படகுத் தடம்,
குளிருக்கு வடக்கிலிருந்து இறங்கும் வாத்துகள்.
எழுதாமல் விட்டது ஒன்று:
அவள் அப்பன் என் அப்பனிடம் வாங்கித்
திருப்பித் தராத ஒரு வின்ச்.

கிணற்றில் போட்ட கல் என்பார்கள்.
கல்லாவது ஒரு தரம் தொம் என்று சொல்லும்.

அவள் மனுவும் என் ஆட்சேபணையும்
டப்ளினில் ஏதோ ஓர் அலமாரியில்
ஒரே நாடாவில் கட்டுண்டு கிடந்தன,
பேச்சு நின்றுபோன புருஷன் பெண்டாட்டி மாதிரி.

கடல் இங்கே நாளைக்கு இரண்டு முறை
வந்துவிட்டுப் போகிறது.
துறையிலிருந்து வந்ததெல்லாம் ஒரே வாக்கியம்:
பரிசீலனையில் உள்ளது.
கீழே கையெழுத்து மட்டும் நான்கு தடவை மாறியது.

அவள் வாங்கி வைத்த இரும்புச் சட்டங்கள்
கொட்டகைக்குப் பின்னால் துருவேறின.
வங்கி மட்டும் தாமதிக்காமல் கடிதம் போட்டது.
நான் படகை விற்றேன்.
ஆட்சேபணையை வாங்க ஆளில்லை.

வழக்குப் போட்டிருக்கிறாள் என்று
தபால் நிலையத்தில் கேள்விப்பட்டேன்.
விசாரணையன்று அவள் வேன் கிளம்பவில்லை.
காலை ஐந்து மணி, மழை,
என் கதவைத் தட்டினாள்.
"எப்படியும் நீ போகத்தானே போகிறாய்."
போகத்தான் போகிறேன்.

அத்லோன் வரை வைப்பர் மட்டும் பேசியது.
அங்கே தேநீர். அவளே காசு கொடுத்தாள்,
கடன் வைக்க மாட்டேன் என்று.

துறையின் வழக்கறிஞர் எழுந்து
ஆள் போதவில்லை என்றார்,
சிக்கலான கோப்பு என்றார்.
நீதிபதி அம்மாள் கண்ணாடியைக் கழற்றினார்.
எத்தனை பக்கம்?
நாற்பத்தொன்று.
ஆட்சேபணையையும் சேர்த்தா?
சேர்த்துத்தான்.
என்னை யாரோ பெயர் சொல்லிக் கூப்பிட்டதுபோல
பாதி எழுந்து உட்கார்ந்தேன்.

கொடு என்று அவர் சொல்லவில்லை.
மறு என்றும் சொல்லவில்லை.
இருபத்தெட்டு நாளுக்குள் இரண்டில் ஒன்றைச் சொல்,
காரணத்தோடு சொல்.
உத்தரவு அவ்வளவுதான்.
ஃபினோலா என் பக்கம் திரும்பினாள்.
என் முகத்தில் என்ன இருந்ததோ,
சிரித்துவிட்டாள். எனக்கும் வந்துவிட்டது.
சேவகர் உஷ் என்றார்.

"கொடுத்தார்கள் என்றால் நான் மேல்முறையீடு போவேன்."
"போ. மறுத்தால் நான் போவேன்."
"போயேன்."
வின்ச் பற்றி இருவருமே வாய் திறக்கவில்லை.

தேவாலய வளைவுக்கு முன்னாலேயே இறங்கிக்கொண்டாள்,
ஊர் கண்ணில் படவேண்டாம் என்று.
உத்தரவின் நகல் இருக்கையிலேயே கிடந்தது.
ஹாரன் அடித்திருக்கலாம்.
உள்விளக்கைப் போட்டு
அந்த இரண்டு பக்கத்தையும் படித்தேன்.
விரல் மடக்கி எண்ணினேன்:
பதினேழாம் தேதி, செவ்வாய்.
படகு இல்லாவிட்டாலும் பழக்கம் போகவில்லை,
அலை அட்டவணையையும் புரட்டினேன்.
அன்றைக்கு வற்றம்
காலை ஏழே கால்.